துண்டு பாய் கடல் காட்டிய கதை

திண்டுக்கல்லுக்கும் கடலுக்கும் நடுவில் நூறு மைலுக்கு மேல் நிலம் கிடக்கிறது என்று பூகோளப் புத்தகத்தில் போட்டிருப்பார்கள். அதெல்லாம் சும்மா. குறுக்கே கிடந்தது துண்டு பாய் என்கிற ஒரே ஒரு மனிதர்தான். அவர் மட்டும் இல்லாதிருந்தால் எங்கள் ஊர்க்காரர்கள் காலையில் கிளம்பிப் போய்க் கடலில் காலை நனைத்துவிட்டு, வெயில் தாழ வீட்டுக்கு வந்து நிம்மதியாகக் காப்பி குடித்திருப்பார்கள்.

ஐம்பதுகளில் நான் திண்டுக்கல் பேகம்பூர்ப் பக்கம் ஒரு தோல் மண்டியில் குமாஸ்தா. பாய் அங்கே தரகர். அவருடைய சொந்தப் பெயர் எனக்குத் தெரியாது. அவர் வீட்டம்மாவே "இந்தாங்க" என்றுதான் கூப்பிடுவார். துண்டு என்ற பட்டம் தொழிலில் வந்தது. தோல் யாவாரத்தில் விலையை வாயால் பேச மாட்டார்கள். வாங்குபவர் கையும் விற்பவர் கையும் ஒரு துண்டுக்கடியில் போகும். உள்ளே விரலைப் பிடிப்பார்கள், மடக்குவார்கள், உதறுவார்கள். பக்கத்தில் நிற்பவனுக்கு ஒன்றும் தெரியாது. துண்டை எடுத்துவிட்டால் பேச்சு முடிந்தது. உள்ளே ஒப்புக்கொண்டதை வெளியே சொல்லவும் கூடாது, மாற்றவும் கூடாது. தலை போனாலும் கூடாது.

மற்ற தரகர்கள் இதைத் தொழிலோடு நிறுத்திக்கொண்டார்கள். பாய் நிறுத்தவில்லை. டீக்கடையில் சர்க்கரை எத்தனை கரண்டி என்பதையே துண்டுக்கடியில்தான் பேசுவார். அது டீ மாஸ்டருக்கும் அவருக்கும் அல்லாவுக்கும் மட்டும் தெரிந்த விஷயம். முடிவெட்டுகிறவரிடம் எவ்வளவு குறைப்பது என்பதற்கும் துண்டு. ஒருமுறை எனக்கு லீவு வேண்டும் என்று முதலாளியிடம் சிபாரிசுக்குப் போனவர், முதலாளி கைமேல் துண்டைப் போட்டு என்னவோ பேசிவிட்டு வந்தார். எத்தனை நாள் லீவு என்று கேட்டால் சொல்ல மாட்டேன் என்றார். "துண்டுக்குள்ள பேசுனத வெளிய சொல்லலாமா தம்பி? நீ பாட்டுக்கு வீட்டுல இரு. நாள் முடிஞ்சா முதலாளியே ஆள் விட்டுக் கூப்புடுவாரு." நான் வீட்டில் வாசலையே பார்த்தபடி உட்கார்ந்திருந்தேன். அது ஒரு லீவா!

துண்டுக்கடியில் மட்டும்தான் மனிதர் மௌனம். துண்டை எடுத்தால் ஓயாத பேச்சு. காலையில் மண்டிக்குள் நுழையும்போதே பாதி வாக்கியத்தோடுதான் நுழைவார். முன்பாதியைத் தெருவில் யாரிடமாவது சொல்லிவிட்டு வந்திருப்பார். பேச ஆள் இல்லாவிட்டால் உப்புப் போட்டு அடுக்கிய தோல்களைப் பார்த்துப் பேசுவார். "ஏன் பாய், செத்த நேரம் வாய மூடுனா என்ன?" என்று நான் கத்தாத நாள் கிடையாது. "மூடுனா அடச்சுக்கிரும் தம்பி" என்பார்.

சுற்றுலா என்ற விபரீதமே இந்தப் பேச்சுப் பைத்தியத்தில் பிறந்ததுதான். பரமக்குடி, ராமநாதபுரம், கீழக்கரை என்று தோல் விஷயமாக அவர் அடிக்கடி போகவேண்டி இருந்தது. தனியாகப் போனால் வழியில் யாரிடம் பேசுவது? ஒரு பஸ்ஸை அமர்த்தி, அது நிறைய ஆட்களை ஏற்றிக்கொண்டு போவது என்று முடிவு செய்தார். மணிக்கூண்டுப் பக்கம் ஒரு தட்டி வைத்தார்: 'ஒரே நாளில் மூன்று பட்டினம். தேவிபட்டினம், கீழக்கரை, தொண்டி. சரித்திர விளக்கத்துடன்.' விளக்குவதற்காக ஒரு விசிலும், மண்ணெண்ணெய் ஊற்றுகிற தகரப் புனல் ஒன்றும் வாங்கினார். புனலின் குறுகிய வாயில் தன் வாயை வைத்துப் பேசுவார். அவர் தாடியில் எப்போதும் ஒரு அரிக்கேன் விளக்கு வாசம் அடிக்கும்.

முதல் தடவை போனவர்கள் பரமக்குடியோடு திரும்பினார்கள். அடுத்த தடவை போனவர்கள் ராமநாதபுரம் அரண்மனை வாசலை எட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பினார்கள். கடலைப் பார்த்த ஆத்மா ஒன்றுகூட இல்லை. இதெல்லாம் தெரிந்தும் நான் போனேன். அதற்குக் காரணம் சரசு.

சரசு என் மனைவி. ஒட்டன்சத்திரத்துப் பெண். எங்களுக்குப் பிறந்த முதல் குழந்தை தங்கவில்லை. பிறந்த வீட்டிலிருந்து அவள் திரும்பி வந்தபோது வெறும் கையோடு வந்தாள். அழவும் இல்லை, சிரிக்கவும் இல்லை. சமைப்பாள், துவைப்பாள், கேட்டதற்குப் பதில் சொல்வாள். அவ்வளவுதான். எனக்குப் பயமாக இருந்தது. ஒருநாள் தானாகவே, "ஏனுங்க, ஒருவாட்டி கடலப் பாக்கோணுமுங்க. அத்தன தண்ணியும் ஒரே எடத்துல எப்படி நிக்குதுன்னு பாக்கோணும்" என்றாள். அவள் வாய்விட்டு எதையாவது கேட்டாளே என்று எனக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது. கடல் என்ன, கேட்டிருந்தால் இமயமலையைக்கூடத் தேடிப் போயிருப்பேன். ஆனால் அன்றைக்குக் கடலுக்குப் போக என் சம்பளத்துக்கு எட்டிய வாகனம் பாயுடைய பஸ் ஒன்றுதான்.

"இந்தத் தடவ நேரே கடல்தான் தம்பி. நடுவுல மூச்சு விடக்கூட நிக்க மாட்டேன்" என்று தாடியைப் பிடித்துச் சத்தியம் செய்தார்.

விடிகாலைக் கருக்கலில் பஸ் கிளம்பியது. மதுரை தாண்டும்வரை ஒரு குறையும் இல்லை. மதுரைத் தரகர்களோடு பாய்க்குப் பேச்சுவார்த்தை கிடையாது. அதனால் அங்கே பஸ் நிற்கவே இல்லை. அந்தச் சண்டையை மூட்டிவிட்ட புண்ணியவான் நன்றாக இருக்கவேண்டும் என்று வேண்டிக்கொண்டேன்.

திருப்புவனத்தில் விசில் ஊதியது. "ஒரே ஒரு சலாம். தெரிஞ்ச வீட்டு வாசல் வழியாப் போயிட்டு சலாம் சொல்லாமப் போனா மனுசனா?" என்று சொல்லிக்கொண்டே டிரைவர் கைமேல் துண்டை வீசினார். டிரைவர் அழகர் முன்பு தோல் லாரி ஓட்டியவர். அவருக்கும் விரல் பாஷை தெரியும். ஒரு விரலுக்கு ஒரு டீ குடிக்கிற நேரம் என்று இருவருக்கும் ஏற்பாடு. உள்ளே இழுபறி நடந்தது. துண்டு விலகியது.

"எம்புட்டு நேரம் நிக்கும் பாய்?" என்று நான் கேட்டேன்.

"அது எனக்கும் அழகருக்கும் உள்ளது."

எவ்வளவு நேரம் நிற்கும் என்றே தெரியாத பஸ்ஸை விட்டு யார் இறங்குவார்? வெயிலில் வெந்துகொண்டு உள்ளேயே இருந்தோம். சரசு என் தோளைத் தொட்டு, "ஏனுங்க, இதுதான் கடலுங்களா?" என்று கேட்டாள். எதிரே ஒரு குட்டை இருந்தது. எருமை ஒன்று அதில் படுத்திருந்தது.

மானாமதுரையில் இன்னொரு சலாம். பஸ் ஓடுகிற நேரத்தில் புனல் வழியாகச் சரித்திரம் கொட்டியது. ஆனால் பாய்க்குத் தெரிந்த சரித்திரம் முழுக்க ஆடுகளின் சரித்திரம். "இந்த ஊரு ஆடு கருவேலங்காய் திங்கிற ஆடு. தோலு கெட்டி. அந்தா தெரியுதே கோயிலு, அதுக்குப் பின்னால இருக்கிற கொட்டடியில ஒரு காலத்துல..." ராஜா யார், கோயிலை எப்போது கட்டினார்கள் என்று எங்களோடு வந்த டிராயிங் வாத்தியார் பாவம் பென்சிலைத் தீட்டி வைத்துக்கொண்டு கேட்டார். "ராஜா இருந்தாருங்க சார். நல்ல ராஜா. அவரு காலத்துல உப்பு மலிவு" என்றார் பாய். வாத்தியார் பென்சிலைப் பையில் போட்டுவிட்டார்.

பரமக்குடியில்தான் உச்சகட்டம். பாய் சலாம் சொல்லப் போன வீட்டில் அன்றைக்குக் கல்யாணம். பந்தலில் இருந்தவர்கள் பஸ்ஸைப் பார்த்துவிட்டார்கள். ஒரு பஸ் ஜனத்தையும் இறக்கி, கையில் தண்ணீர் ஊற்றி, நாலு பேர் சுற்றி உட்கார்ந்து சேர்ந்து சாப்பிடுகிற சகன் தட்டுகளுக்கு முன் உட்கார வைத்துவிட்டார்கள். மாப்பிள்ளை வீட்டார் எங்களைப் பெண் வீட்டார் என்று நினைத்தார்கள். பெண் வீட்டார் எங்களை மாப்பிள்ளை வீட்டார் என்று நினைத்தார்கள். இரண்டு தரப்பும் போட்டி போட்டு உபசரித்தது. சைவரான டிராயிங் வாத்தியார் எழுந்து ஓடினார். அவரைத் துரத்திப் பிடித்து ஒரு சீப்பு சிறுமலைப் பழத்தை மடியில் வைத்தார்கள். சோற்றைப் பற்றிக் குறை சொன்னால் என் நாக்கு அழுகிவிடும். ஆனால் சோறு தின்னவா நாங்கள் வந்தோம்?

"ஏனுங்க" என்றாள் சரசு. "கடலுக்குப் போறமுங்களா, இல்லீங்களா?" அந்த 'ங்க' ஒவ்வொரு ஊருக்கும் ஒரு சுற்று இறுகிக்கொண்டே வந்தது. ஒட்டன்சத்திரத்துக்காரர்கள் மரியாதையாகவே கழுத்தை நெரிப்பார்கள்.

ராமநாதபுரத்தில் பாய் தோல் சரக்கு அடுக்கிய ஒரு கிட்டங்கிக்குள் புகுந்தார். நாங்கள் அரண்மனையின் வெளிச்சுவரைப் பார்த்தோம். அரண்மனை எங்களைப் பார்த்தது. அவர் வெளியே வந்தபோது நிழல்கள் நீண்டுவிட்டன. சரசு இப்போது ஒன்றுமே கேட்கவில்லை. கையை மடியில் வைத்துக்கொண்டு நேரே பார்த்தபடி இருந்தாள். வீட்டில் இத்தனை மாதமாக இருந்தாளே, அதே முகம். அந்த 'ஏனுங்க' இன்னொரு முறை வராதா என்று எனக்கு ஏக்கமாகிவிட்டது.

ஊர் எல்லையில் தேவிபட்டினத்துப் பாதை பிரிகிற முக்கில் பஸ் ஓரம் கட்டியது. பாய் புனலும் கையுமாக மும்முரத்தில் இருந்தார். "தேவிபட்டினத்துல கடலுக்குள்ள ஒம்பது கல்லு நிக்கிது. ராமரு வச்சதுன்னு சொல்றாக. ஒருவாட்டி நானும் இந்த ஊரு யாவாரி ஒருத்தரும் தோணியில போனமா, அப்ப..."

அழகர் எஞ்சினை அணைத்தார். "போதும் பாய். இத்தோட திரும்புறேன்."

"என்னாப்பு சொல்ற? இந்தா, கூப்புடு தூரத்துல கடலு!"

"முன்னால லைட்டு ஒண்ணு அவுஞ்சு கெடக்கு. இருட்டுறதுக்குள்ள மதுரையாச்சும் சேரணும். விடிஞ்சா இந்த வண்டி காய்கறி யாவாரிகள ஏத்திக்கிட்டு ஒட்டன்சத்திரம் போகணும். காலம்பறயே நேரே போயிருந்தா மூணு கடலப் பாத்திருக்கலாம்."

பஸ்ஸில் கூச்சல் கிளம்பியது. நான் பாயைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்ப் புளியமரத்தடியில் நிறுத்தினேன். என் ஆயுளில் அவரிடம் அவ்வளவு கேவலமாகப் பேசியதில்லை. "உம்ம வாயால நாசமாப் போச்சுய்யா. ஊரு ஊருக்கு சலாம், ஊரு ஊருக்குக் கதை. அங்க உக்காந்திருக்காளே, அவ புள்ளையப் பறிகொடுத்த நாள்ல இருந்து ஒரே ஒரு ஆசைதான் கேட்டா. அதையும் தின்னுட்டீரு."

பாய்க்கு விஷயம் தெரியாது. நான் யாரிடமும் சொன்னதில்லை. அவர் பஸ் ஜன்னலில் தெரிந்த சரசுவின் முகத்தைப் பார்த்தார். திரும்பி நேரே அழகரிடம் போய் அவர் கைமேல் துண்டைப் போட்டார்.

அப்படி ஒரு பேரத்தை நான் பார்த்ததில்லை. துண்டு குதித்தது, புரண்டது. அழகர் தலையை ஆட்டி ஆட்டி மறுத்தார். கடைசியில் என்ன நினைத்தாரோ, கொஞ்சம் சிரித்துக்கொண்டே இடது கை விரலைத் தன் உதட்டின் மேல் வைத்தார். பிறகு அதே விரலைத் திண்டுக்கல் திசைக்கு நீட்டினார். பாய் கசாப்புக் கடை வாசலுக்கு வந்துவிட்ட ஆடு மாதிரி முழித்தார். என்னைப் பார்த்தார். ஜன்னலைப் பார்த்தார். துண்டுக்குள் ஒரு முறுக்கு. துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு, தகரப் புனலை என் கையில் கொடுத்துவிட்டுப் போய் இடத்தில் உட்கார்ந்தார். பஸ் தேவிபட்டினத்துப் பாதையில் திரும்பியது.

கடலைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். தேவிபட்டினத்தில் அலை கிடையாது. வெயில் சாய்ந்த நேரத்தில் எங்கள் ஊர்க் கண்மாய் மாதிரியே அசையாமல் கிடந்தது. நடுவில் அந்த ஒன்பது கல். இதற்காகவா சூரியன் உதிக்குமுன் எழுந்து வந்தோம் என்று எனக்கு வயிறு எரிந்தது. சரசு கொஞ்ச நேரம் பார்த்தாள். "ஏனுங்க, நம்ம குளமாட்டம்தான் இருக்குதுங்க" என்றாள். பிறகு சேலையைக் கொஞ்சம் தூக்கிக்கொண்டு இறங்கினாள். குனிந்து ஒரு கை தண்ணீரை அள்ளி வாயில் வைத்தாள்.

"உப்புங்க" என்றாள். "அத்தனயும் உப்புங்க."

சொல்லிவிட்டு அழ ஆரம்பித்தாள். கணுக்கால் தண்ணீரில் நின்றுகொண்டு, ஊர் பார்க்கிறதே என்ற வெட்கம் இல்லாமல், குழந்தைக்காக அன்றைக்குத்தான் அழுதாள். நான் பக்கத்தில் நின்றேன். எனக்கும் அழுகை வந்தது, அழுதேன்.

கரையில் டிராயிங் வாத்தியார் பென்சிலை மறுபடி வெளியே எடுத்து, "பாய், இந்தக் கல்லுகளப் பத்திச் சொல்லுங்க" என்றார். பாய் வானத்தைக் காட்டினார். கல்லைக் காட்டினார். கைகளை விரித்தார். கரையில் போட்ட மீன் மாதிரி வாயைத் திறந்து திறந்து மூடினார்.

திரும்பி வருகையில் பஸ்ஸில் பீதி பரவியது. பாய் பேசவில்லை! பல்வலி என்றார் ஒருவர். பரமக்குடிப் பிரியாணி என்றார் இன்னொருவர். கடற்கரையில் காற்றுக்கருப்பு அடித்துவிட்டது என்று ஒரு அம்மாள் திருநீறோடு வந்தார். வாத்தியார் ஓமம் கொடுத்தார். பாய் எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டு தலையை ஆட்டினார். பரமக்குடியில் கல்யாண வீட்டுக்காரர் ரோட்டிலேயே நின்று கையைக் காட்டினார். பாய் ஜன்னல் வழியாக சலாம் மட்டும் வைத்தார். பஸ் நிற்கவில்லை. அவர் கண் கலங்கியிருந்தது. மானாமதுரையும் திருப்புவனமும் ஒரு வார்த்தை வாங்காமல் கடந்து போயின.

"வாதம் அடிச்சு நாக்கு இழுத்துக்கிருச்சு. மதுரைப் பெரியாஸ்பத்திரிக்கு விடுங்கப்பா!" என்று எல்லோரும் எழுந்து நின்றார்கள். பாய் இரண்டு கையையும் உதறி வேண்டாம் வேண்டாம் என்றார். அதற்கு மேல் அழகரால் தாங்க முடியவில்லை. பஸ்ஸை ஓரம் கட்டிவிட்டு ஸ்டியரிங்கில் முகத்தை வைத்துக் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார்.

"அய்யா, அவருக்கு ஒண்ணுமில்ல. காலையில இருந்து என் காது புண்ணாப் போச்சு. கடலுக்குப் போகணும்னா திண்டுக்கல் போற வரைக்கும் வாயத் தெறக்கக் கூடாதுன்னு வெளாட்டுக்குக் கேட்டேன். மனுசன் ஒத்துக்கிட்டாரு. ஏன் பாய், நெசமாவா எடுத்துக்கிட்டீக? சும்மா பேசுங்க."

பாய் தோளில் கிடந்த துண்டை எடுத்துக் காட்டினார். பிறகு அதை மடித்துத் தன் வாயின் மேலேயே கட்டிக்கொண்டார்.

அப்போது எனக்குப் பக்கத்தில் ஒரு சத்தம் கேட்டது. சரசு சிரித்துக்கொண்டிருந்தாள். முந்தானையை வாயில் அடைத்துப் பார்த்தாள், அடங்கவில்லை. கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். "அய்யோ பாவமுங்க, அவரு, அய்யோ..." என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தாள். அந்தச் சிரிப்பு எப்படி இருக்கும் என்பதே எனக்கு மறந்து போயிருந்தது. பாய் திரும்பி அவளைப் பார்த்தார். துண்டுக்கு மேலே அவர் கண் இரண்டும் சிரித்தன.

இருட்டில் எங்கள் ஊர் மலைக்கோட்டை நிழலாகத் தெரிந்தது. பஸ் ஊர் எல்லைக் கல்லைத் தாண்டியதுதான் தாமதம், பாய் துண்டை அவிழ்த்தார்.

"...அப்பப் பாத்து தோணியில இருந்த ஒரு ஆடு கடலுக்குள்ள குதிச்சிருச்சு தம்பி!"

பஸ் அதிர்ந்தது. எல்லோரும் கை தட்டினார்கள். மணிக்கூண்டு வந்தும் அவர் நிறுத்தவில்லை. எங்கள் வீட்டு வாசல்வரை கூடவே வந்து, அந்த ஆட்டைக் கரையேற்றிவிட்டுத்தான் போனார். தூக்கம் கெட்டது. மறுநாள் மண்டியில் கீழக்கரையும் தொண்டியும் பாக்கி என்று புதுத் தட்டி எழுதிக்கொண்டிருந்தார். வழக்கம்போல, "செத்த நேரம் வாய மூடுங்க பாய்" என்று கத்தினேன்.

அறுபதுகளின் கடைசியில் பாய் காலமானார். நானும் சரசுவும் போயிருந்தோம். கூடத்தில் வெள்ளைத் துணி போர்த்திப் படுக்க வைத்திருந்தார்கள். வீடு நிறையத் தெரிந்த முகங்கள். மதுரைத் தரகர்கள்கூட வந்திருந்தார்கள். பாய் ஒருவருக்கும் சலாம் சொல்லவில்லை.

சரசு என் காதோரம் குனிந்து, "ஏனுங்க, இந்தவாட்டி யாருகிட்டத் துண்டு போட்டாருங்க?" என்றாள். கேட்டுவிட்டு உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

நம் ஊர் வந்துவிட்டது பாய், ஒரு வார்த்தை பேசுங்கள் என்று மனசுக்குள் கெஞ்சிக்கொண்டு நின்றேன்.